ஒத்தவை ஒன்றுசேரும்

கற்றல் நோக்கங்கள்
• இயற்கணிதத்தில் வழங்கும் அடிப்படைத் தமிழ்ச் சொற்களைப் பொருளுணர்ந்து பயன்படுத்துதல்.
• ஒத்த உறுப்புகளை ஒன்றுசேர்த்து எளிய சமன்பாடுகளைத் தீர்த்தல்.
• ஒரு கணக்கின் வழிமுறையைத் தமிழில் எடுத்துரைத்தல்.

நுழையும்முன்

வெளிமாநிலங்களில் பயிலும் தமிழ் மாணவர்கள் கணக்கைப் பிற மொழியில் கற்கின்றனர். 'வேரியபிள்', 'டெர்ம்', 'ஈக்குவேஷன்' என்னும் சொற்கள் அவர்களுக்கு நன்கு பழகியவை. வீட்டில் பாட்டியோ தாத்தாவோ, "இன்று என்ன கணக்குப் படித்தாய்?" என்று கேட்டால் மட்டும் விடை சொல்லத் தயங்குவர். கணக்குத் தெரியாமையால் அன்று. அதற்குரிய தமிழ்ச் சொல் தெரியாமையால். அச்சொற்கள் கடினமானவை அல்ல. அவற்றுள் பல, வீட்டிலும் கடையிலும் வழங்கும் சொற்களிலிருந்தே பிறந்தவை. இரு வீடுகளின் கதையோடு அவற்றை அறிவோம்.

1. இரு வீடுகளின் கணக்கு

மும்பை ஆன்டாப்ஹில் பகுதியில் நடுவணரசு ஊழியர்களுக்கான குடியிருப்பு ஒன்று உள்ளது. அங்கு மூன்றாம் மாடியில் எதிரெதிராக இரண்டு வீடுகள். ஒன்றில் எட்டாம் வகுப்பு மாணவி யாழினியின் குடும்பம்; மற்றொன்றில் ஒரு மராத்தியக் குடும்பம். அவ்வீட்டுப் பெண்மணியை யாழினி 'காகூ' என்று அழைப்பாள். மராத்தி மொழியில் அது, தந்தையின் உடன்பிறந்தாருடைய மனைவியைக் குறிக்கும் முறைப்பெயர். இரு வீட்டுக் கதவுகளும் பகல் முழுவதும் திறந்தே இருக்கும்.

அவ்வாண்டு தீபாவளிக்கு யாழினியின் அம்மாவும் காகூவும் சேர்ந்து பலகாரம் செய்து விற்றனர். அம்மா பச்சரிசி மாவும் உளுந்து மாவும் கலந்து முறுக்குப் பிழிந்தார். காகூ, அரிசியையும் பருப்பு வகைகளையும் வறுத்து அரைத்த மாவில் சக்லி செய்தார். இரண்டையும் சம எடையுள்ள பொட்டலங்களாகக் கட்டி, ஒரே விலைக்கு விற்றனர். செலவில் பாதி, உழைப்பில் பாதி, வரவிலும் பாதி என்பது இருவரும் செய்துகொண்ட உடன்பாடு.

பண்டிகை முடிந்தது. விற்ற பணத்தின் பெரும்பகுதியை அன்றே சமமாகப் பிரித்துக்கொண்டனர். எஞ்சிய பொட்டலங்களையும் சில்லறைப் பணத்தையும் இரண்டு நாள்களில் சிறிது சிறிதாக எடுத்துக்கொண்டனர். எதையும் எழுதி வைக்கவில்லை.

அதன்பின் ஒரு மாற்றம் நிகழ்ந்தது. எதிர்வீட்டுக் கதவு மூடியே கிடந்தது. காகூ படிக்கட்டில் கண்டால் புன்னகை செய்வார், நின்று பேசமாட்டார். காரணம் அம்மாவுக்கு விளங்கவில்லை. "சமமாகத்தானே எடுத்துக்கொண்டோம்!" என்று வருந்தினார்.

பண்டிகை நாள்களில் யாழினி பள்ளி முகாமுக்குச் சென்றிருந்தாள். ஒரு பொட்டலம் என்ன விலைக்கு விற்றது என்பது அவளுக்குத் தெரியாது. "யார் யார் எதை எடுத்தீர்கள் என்று சொல்லுங்கள், அம்மா. இருவர் பங்கும் சமம் எனின், விலையைக் கேட்காமலேயே நான் கண்டுபிடித்துவிடுவேன்" என்றாள். அம்மா நினைவுகூர்ந்து சொன்னவற்றை அவள் குறித்துக்கொண்டாள்.

அம்மா எடுத்தவை: முதல் நாள் 3 பொட்டலங்களும் 40 ரூபாயும், மறுநாள் 4 பொட்டலங்களும் 50 ரூபாயும்.

காகூ எடுத்தவை: முதல் நாள் 6 பொட்டலங்களும் 200 ரூபாயும். மறுநாள் தம் பங்கிலிருந்து 2 பொட்டலங்களைப் பொதுப் பெட்டியில் திரும்ப வைத்துவிட்டு, 40 ரூபாய் எடுத்துக்கொண்டார்.

யாழினி விரைந்து கூட்டினாள். மூன்றும் நாற்பதும் நான்கும் ஐம்பதும் சேர்ந்தால் தொண்ணூற்றேழு. "அம்மாவின் பங்கு தொண்ணூற்றேழு" என்றாள்.

அருகில் அமர்ந்திருந்த ஆச்சி நிமிர்ந்து பார்த்தார். அவர் திருநெல்வேலிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் பல்லாண்டுகள் மளிகைக்கடை நடத்தியவர். "அம்மாடி, தொண்ணூற்றேழு என்றாயே, தொண்ணூற்றேழு என்ன? பொட்டலமா, ரூபாயா?" என்று கேட்டார்.

யாழினியிடம் விடை இல்லை. ஆச்சியின் அந்தக் கேள்வியே இப்பாடத்தின் வாயில்.

2. ஒத்தவை எவை?

விலை தெரியாத ஒன்றை எவ்வாறு எழுதுவது? அதற்கு ஓர் எழுத்தை இட்டுக்கொள்ளலாம். ஒரு பொட்டலத்தின் விலை 'ப' ரூபாய் என்க. அப்பொழுது 3 பொட்டலங்களின் மதிப்பு 3ப. 4 பொட்டலங்களின் மதிப்பு 4ப. இங்கே 'ப' என்பது பொட்டலம் அன்று. ஒரு பொட்டலத்தின் விலையாகிய எண். அந்த எண் இன்னும் தெரியவில்லை, அவ்வளவே.

அம்மாவின் பங்கை இவ்வாறு எழுதலாம்:

3ப + 40 + 4ப + 50

பூக்களைச் சரமாகக் கோப்பது போல எண்களும் எழுத்துகளும் கூட்டல், கழித்தல் குறிகளால் கோக்கப்பட்டுள்ளமையால் இதற்குக் கோவை என்று பெயர். கோவையில் உள்ள ஒவ்வொரு பகுதியும் உறுப்பு எனப்படும். மேற்கண்ட கோவையில் நான்கு உறுப்புகள் உள்ளன.

'ப' என்னும் எழுத்து வெவ்வேறு மதிப்புகளை ஏற்கக்கூடியது. ஆதலால் அது மாறி. 40, 50 ஆகியவற்றின் மதிப்பு மாறாது. ஆதலால் அவை மாறிலிகள். 3ப என்னும் உறுப்பில் மாறியோடு பொருந்தி நிற்கும் 3 என்னும் எண் கெழு எனப்படும்.

ஒரே மாறியை ஒரே அடுக்கில் கொண்ட உறுப்புகள் ஒத்த உறுப்புகள். அவ்வாறு அமையாதவை மாறுபட்ட உறுப்புகள். 3ப, 4ப ஆகியன ஒத்தவை. 40, 50 ஆகிய மாறிலிகளும் தம்முள் ஒத்தவை. 3ப, 40 ஆகியன மாறுபட்டவை.

ஒத்த உறுப்புகளையே கூட்டி ஓர் உறுப்பாக்க இயலும். மூன்று பொட்டல விலையும் நான்கு பொட்டல விலையும் சேர்ந்தால் ஏழு பொட்டல விலை. நாற்பது ரூபாயும் ஐம்பது ரூபாயும் சேர்ந்தால் தொண்ணூறு ரூபாய். ஆகவே,

3ப + 40 + 4ப + 50 = 7ப + 90

இதற்கு மேல் இக்கோவையைச் சுருக்க முடியாது. 'ப' எவ்வளவு என்று தெரியும்வரை 7ப தனியே நிற்கும். 90 தனியே நிற்கும். யாழினி கண்ட தொண்ணூற்றேழு, பொட்டலமும் அன்று, ரூபாயும் அன்று.

காகூவின் பங்கையும் அவ்வாறே எழுதலாம்:

6ப + 200 − 2ப + 40

திரும்ப வைத்த 2 பொட்டலங்களுக்குக் கழித்தல் குறி வந்துள்ளது. குறி, தன்னை அடுத்து வரும் உறுப்புக்கு உரியது. உறுப்பை இடம் மாற்றி எழுதும்போது குறியையும் உடன் கொண்டுசெல்ல வேண்டும்.

6ப − 2ப + 200 + 40 = 4ப + 240

3. தராசின் இரு தட்டுகள்

இரண்டு கோவைகள் தம்முள் சமம் என்று கூறும் கூற்றே சமன்பாடு. இருவர் பங்கும் சமம் என்பதை யாழினி இவ்வாறு எழுதினாள்:

3ப + 40 + 4ப + 50 = 6ப + 200 − 2ப + 40

சமக்குறியைத் தராசின் முள்ளாகவும், இருபுறமும் உள்ள கோவைகளை இரு தட்டுகளாகவும் கொள்ளலாம். முள் நேராக நிற்கும் தராசில் ஒரு தட்டிலிருந்து எதை எடுத்தாலும், மற்றத் தட்டிலிருந்தும் அதே அளவு எடுத்தால் முள் சாயாது. இருபுறமும் ஒரே எண்ணைக் கூட்டலாம். ஒரே எண்ணைக் கழிக்கலாம். சுழியல்லாத ஒரே எண்ணால் பெருக்கலாம் அல்லது வகுக்கலாம். சமன்பாட்டைத் தீர்க்க இந்நெறி ஒன்றே போதும்.

படி 1: ஒவ்வொரு புறத்திலும் ஒத்த உறுப்புகளை ஒன்றுசேர்த்தல்.
7ப + 90 = 4ப + 240

படி 2: மாறி உள்ள உறுப்புகளை ஒரு புறத்திற்குக் கொணர்தல். இருபுறமும் 4ப கழிக்க,
3ப + 90 = 240

படி 3: மாறிலிகளை மறுபுறத்திற்குக் கொணர்தல். இருபுறமும் 90 கழிக்க,
3ப = 150

படி 4: மாறியின் கெழுவால் வகுத்தல். இருபுறமும் 3 ஆல் வகுக்க,
ப = 50

படி 5: சரிபார்த்தல். கண்டறிந்த மதிப்பை முதலில் எழுதிய சமன்பாட்டில் இட வேண்டும்.
இடப்புறம்: 150 + 40 + 200 + 50 = 440
வலப்புறம்: 300 + 200 − 100 + 40 = 440

இருபுறமும் சமம். ஆகவே ப = 50 என்பது இச்சமன்பாட்டின் தீர்வு.

4. விடை சரி, கணக்கு?

"ஒரு பொட்டலம் ஐம்பது ரூபாய்க்கு விற்றீர்கள். சரிதானே, அம்மா?" என்று யாழினி மகிழ்ச்சியோடு கேட்டாள்.

"ஐம்பதா? அறுபதுக்கு அல்லவா விற்றோம்!" என்றார் அம்மா.

யாழினி திகைத்தாள். படிகளை ஒவ்வொன்றாக மீண்டும் பார்த்தாள். கூட்டலில் பிழை இல்லை, குறியில் பிழை இல்லை, சரிபார்த்தலும் பொருந்தியது. அப்படியாயின் பிழை எங்கே?

ஆச்சி மெல்லச் சொன்னார்: "தராசு நேராக நிற்கிறது என்று வைத்துக்கொண்டுதானே நிறுத்தாய்? முதலில் அது நேராக நின்றதா என்று பார்."

அப்பொழுதுதான் யாழினிக்கு விளங்கியது. அவள் கண்ட விடை, "இருவர் பங்கும் சமம் எனின், ஒரு பொட்டலத்தின் விலை 50 ரூபாய்" என்பதே. விலை 60 ரூபாய் என்பது உறுதியாகத் தெரியும். ஆகவே இருவர் பங்கும் சமம் என்று எடுத்துக்கொண்டது சரியன்று. சுருக்கிய கோவைகளில் ப = 60 என்று இட்டுப் பார்த்தாள்.

அம்மாவின் பங்கு: 7 × 60 + 90 = 420 + 90 = 510 ரூபாய்
காகூவின் பங்கு: 4 × 60 + 240 = 240 + 240 = 480 ரூபாய்

அம்மாவிடம் 30 ரூபாய் மிகுதியாக இருந்தது. அதில் பாதியாகிய 15 ரூபாயைக் காகூவிடம் கொடுத்தால் இருவர் பங்கும் 495 ரூபாய் ஆகும்.

அம்மா சிறிது நேரம் பேசாமல் இருந்தார். "பதினைந்து ரூபாய்தான். ஆனாலும் அவர் உழைப்புக்கு உரிய பதினைந்து ரூபாய்" என்று எழுந்தார். பணத்தையும் யாழினி எழுதிய தாளையும் எடுத்துக்கொண்டு எதிர்வீட்டுக்குச் சென்றார். யாழினியும் உடன் சென்றாள். அம்மாவுக்கு மராத்தி சரளமாக வாராது. காகூவுக்குத் தமிழ் தெரியாது. ஆயினும் தாளில் இருந்த இரண்டு வரிகளைப் படிக்க எந்த மொழிபெயர்ப்பும் தேவைப்படவில்லை. காகூ அதனை ஒருமுறை பார்த்தார். மறுமுறை விரல் வைத்துப் பார்த்தார். தம் பங்கு சற்றுக் குறைந்ததாக அவருக்கும் தோன்றியிருந்தது. சிறு தொகையைப் பெரிதாக்கிப் பேசக் கூச்சம். பேசாமல் இருந்தாலோ மனம் ஒப்பவில்லை. அந்தத் தயக்கமே மூடிய கதவாக நின்றது.

அன்று மாலை முதல் எதிர்வீட்டுக் கதவு மீண்டும் திறந்திருந்தது. அடுத்த ஆண்டுக் கணக்கை எழுதுவதற்கென ஒரு குறிப்பேட்டையும் இரு வீட்டாரும் வாங்கி வைத்தனர்.

5. முன்னோர் சென்ற வழி

யாழினியின் கணக்கைப் போன்ற கணக்குகளை இந்தியக் கணித அறிஞர்கள் ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே ஆராய்ந்தனர். கி.பி. 476 இல் பிறந்த ஆரியபட்டர், கி.பி. 499 அளவில் 'ஆரியபட்டீயம்' என்னும் நூலை இயற்றினார். அதன் கணிதப் பகுதியில் ஒரு விதி உள்ளது. இருவரிடம் விலை தெரியாத ஒரே வகைப் பொருள்களும் சிறிது பணமும் உள்ளன. இருவர் செல்வமும் சமம். அப்பொருளின் விலையைக் காணப் பணங்களின் வேறுபாட்டைப் பொருள்களின் எண்ணிக்கை வேறுபாட்டால் வகுக்க வேண்டும் என்பது அவ்விதி. விலை தெரியாத பொருளை அவர் 'குலிகா' என்னும் சொல்லால் குறித்தார். மருத்துவத்தில் உருண்டை மருந்தைக் குறிக்கும் 'குளிகை' என்னும் சொல் இதனோடு தொடர்புடையது. யாழினியின் கணக்கில் பணங்களின் வேறுபாடு 240 − 90 = 150; பொட்டலங்களின் வேறுபாடு 7 − 4 = 3. வகுக்கக் கிடைப்பது 50. அவள் கண்ட விடையும் அதுவே.

கி.பி. 628 இல் 'பிரம்மஸ்புட சித்தாந்தம்' இயற்றிய பிரம்மகுப்தரும் இத்தகைய சமன்பாடுகளுக்கு விதி வகுத்தார். கி.பி. 1114 இல் பிறந்த இரண்டாம் பாஸ்கரர், தம் 'பீஜகணிதம்' என்னும் நூலில் தெரியாத எண்களுக்கு நிறப்பெயர்களையும் வழங்கினார். கருமை, நீலம், மஞ்சள், செம்மை ஆகிய நிறங்களின் பெயர்கள் இன்றைய மாறிகளின் இடத்தில் நின்றன. ஓரினத்தவற்றையே கூட்டவும் கழிக்கவும் வேண்டும். வேறினத்தவற்றைத் தனித்தனியே நிறுத்த வேண்டும் என்பது அவர் வகுத்த நெறி. ஒத்த உறுப்புகளைப் பற்றிய விதி இதுவே.

அவர் நூலில் உள்ள கணக்கு ஒன்று வருமாறு: ஒருவரிடம் 6 குதிரைகளும் 300 காசுகளும் உள்ளன. மற்றொருவரிடம் 10 குதிரைகள் உள்ளன. ஆனால் 100 காசுகள் கடன் உண்டு. குதிரைகள் அனைத்தும் ஒரே விலையின. இருவர் செல்வமும் சமம். ஒரு குதிரையின் விலை யாது? விலையைக் 'க' எனக் கொண்டால்,

6க + 300 = 10க − 100
இருபுறமும் 100 கூட்ட: 6க + 400 = 10க
இருபுறமும் 6க கழிக்க: 400 = 4க
இருபுறமும் 4 ஆல் வகுக்க: க = 100

சரிபார்த்தால் இருவர் செல்வமும் 900 காசுகள். கடனைக் குறை எண்ணாகக் கொண்டமையை நோக்குக. அக்காலத்தில் குறை எண்ணைக் காட்ட அதன்மேல் ஒரு புள்ளி இட்டனர்.

மகாராட்டிர மாநிலத்தில் சாளீஸ்காவ் என்னும் ஊருக்கு அருகே பாடண் என்னுமிடத்தில் கி.பி. 1207 ஆம் ஆண்டுக் கல்வெட்டு ஒன்று உள்ளது. பாஸ்கரரின் நூல்களைக் கற்பிப்பதற்காக அங்கு நிறுவப்பெற்ற கல்விநிலையத்திற்கு வழங்கிய கொடையை அது கூறுகிறது. மும்பையிலிருந்து நாக்பூர் செல்லும் இருப்புப்பாதையில் பயணம் செய்வோர் சாளீஸ்காவ் நிலையத்தைக் காணலாம்.

ஒன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாக்தாது நகரில் வாழ்ந்த அல் குவாரிஸ்மியின் நூற்பெயரில் உள்ள 'அல்ஜபர்' என்னும் அரபுச் சொல்லிலிருந்தே 'அல்ஜீப்ரா' என்னும் பெயர் பிறந்தது. கழித்தல் குறியுடைய உறுப்பை மறுபுறம் சேர்த்து நிறைவாக்குதலை அச்சொல் குறித்தது. இன்று பயன்படும் சமக்குறியை 1557 இல் அறிமுகப்படுத்தியவர் வேல்சு நாட்டைச் சேர்ந்த இராபர்ட் ரெக்கார்டு. சம நீளமுடைய இரு இணைகோடுகளைவிடச் சமமானவை வேறில்லை என்பது அவர் கருத்து.

6. கவனம் கொள்க

• 7ப + 90 என்பதை 97ப என்று எழுதுதல் பிழை. மாறுபட்ட உறுப்புகள் ஒன்றுசேரா.
• 'ப' என்று தனித்து நின்றால் அதன் கெழு 1. ஆகவே 5ப + ப = 6ப.
• 10 − 3க + 5க = 10 + 2க. கழித்தல் குறி 3கவுக்கு மட்டுமே உரியது, 5கவுக்கு அன்று.
• ப, ப² ஆகியன ஒத்தவை போலத் தோன்றினும் மாறுபட்டவை. ப = 2 எனின் 2ப + 3ப² = 4 + 12 = 16. ஆனால் 5ப = 10; 5ப² = 20. இரண்டும் பொருந்தவில்லை. முறுக்கும் சக்லியும் பார்வைக்கு ஒத்திருந்தாலும் மாவு வேறு அல்லவா?
• தீர்வைச் சரிபார்க்கும்போது சுருக்கிய வரியில் இடாமல், முதலில் எழுதிய சமன்பாட்டில் இட வேண்டும். இடையில் நேர்ந்த பிழை அப்பொழுதுதான் வெளிப்படும்.

7. சொல்லும் பொருளும்

இயற்கணிதம் – எண்களோடு எழுத்துகளையும் கொண்டு செய்யும் கணிதம்
கோவை – குறிகளால் கோக்கப்பட்ட உறுப்புகளின் தொடர்
உறுப்பு – கோவையின் ஒரு பகுதி
மாறி – மதிப்பு மாறக்கூடியது
மாறிலி – மதிப்பு மாறாதது
கெழு – மாறியோடு பொருந்தி நிற்கும் எண் (கெழுமுதல் – பொருந்துதல்)
சமன்பாடு – இரு கோவைகள் சமம் என்னும் கூற்று
தீர்வு – சமன்பாட்டை மெய்யாக்கும் மதிப்பு

8. மொழித்திறன்

இயல் + கணிதம் = இயற்கணிதம். நிலைமொழி ஈற்று லகரம், வல்லினம் வருமொழியாக வந்தபோது றகரமாகத் திரிந்தது.

சமன் + பாடு = சமன்பாடு. 'படு' என்னும் வினைப்பகுதி முதல் நீண்டு 'பாடு' என ஆயிற்று. இவ்வாறு அமைவது முதனிலை திரிந்த தொழிற்பெயர். கெடு – கேடு, சுடு – சூடு, பெறு – பேறு என்பனவும் அத்தகையன.

'எனின்' என்பது 'என்றால்' என்னும் பொருளுடைய நிபந்தனைச் சொல். கணக்கில் இச்சொல்லைக் கடந்துசெல்லும் போது விழிப்பு வேண்டும். 'எனின்' என்பதற்கு முன்னுள்ளது மெய்யானால்தான் பின்னுள்ளதும் உறுதியாகும்.

9. பயிற்சிகள்

அ. ஓரிரு தொடர்களில் விடை எழுதுக.
1. "தொண்ணூற்றேழு என்ன?" என்று ஆச்சி கேட்டதன் கருத்து யாது?
2. யாழினியின் விடை சரியாக இருந்தும் விற்ற விலையோடு பொருந்தாமைக்குக் காரணம் என்ன?
3. பதினைந்து ரூபாய் சிறு தொகையாயினும் அம்மா அதனைத் திருப்பித் தந்தது ஏன்?
4. 'ப' என்பது பொட்டலத்தைக் குறிக்குமா? விளக்குக.

ஆ. ஒத்த உறுப்புகளை ஒன்றுசேர்த்து எழுதுக.
1. 5க + 8 + 2க − 3
2. 9ம − 4 − ம + 10
3. 6ந + 2ப + ந − 5ப

இ. தீர்த்துச் சரிபார்க்க.
1. 4க + 7 + 2க = 43
2. 8ம − 3 − 3ம = 2ம + 18
3. 5ந + 12 − 2ந + 6 = 7ந − 14

ஈ. பிழையைக் கண்டறிந்து திருத்துக.
ஒரு மாணவர் 3க + 5 + க = 21 என்னும் சமன்பாட்டை இவ்வாறு தீர்க்கத் தொடங்கினார்: 8க + க = 21; 9க = 21.

உ. சமன்பாடு அமைத்துத் தீர்க்க.
தோழியர் இருவர் சம அளவு பணத்துடன் புத்தகக் கண்காட்சிக்குச் சென்றனர். ஒரே விலையுள்ள நூல்களில் ஒருத்தி 4 வாங்கினாள். அவளிடம் 80 ரூபாய் மிஞ்சியது. மற்றொருத்தி 6 வாங்கினாள். அவளிடம் 10 ரூபாய் மிஞ்சியது. ஒரு நூலின் விலை யாது? இருவரும் கொண்டுசென்ற பணம் எவ்வளவு?

ஊ. 'எனின்' என்னும் சொல் அமையுமாறு மூன்று தொடர்கள் எழுதுக. அவற்றுள் ஒன்று கணக்கைப் பற்றியதாக இருக்கட்டும்.

எ. செயல்பாடு
வீட்டில் உள்ள பெரியவர் ஒருவரிடம் இப்பாடத்தில் உள்ள ஏதேனும் ஒரு சமன்பாட்டைத் தமிழில் விளக்குக. அவர் கேட்ட கேள்வி ஒன்றையும் அதற்கு அளித்த விடையையும் ஐந்து வரிகளில் எழுதுக.

விடைகள்
ஆ. 1) 7க + 5  2) 8ம + 6  3) 7ந − 3ப
இ. 1) க = 6  2) ம = 7  3) ந = 8
ஈ. 3கவும் 5உம் மாறுபட்ட உறுப்புகள். அவற்றைச் சேர்த்து 8க ஆக்கியது பிழை. 4க + 5 = 21; 4க = 16; க = 4.
உ. ஒரு நூலின் விலை 35 ரூபாய்; ஒவ்வொருவரும் கொண்டுசென்ற பணம் 220 ரூபாய்.